பார்பரா லோடன்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

‘வாண்டா’ என்ற ஒரே ஒரு முழுநீளப் படத்தை எழுதி, இயக்கி, அதில் தானே நடித்த அமெரிக்க நடிகை பார்பரா லோடன். அவர் பெயரைச் சொன்னால் எங்கே போனாலும் ஏறக்குறைய இதே கேள்விகள்தான் வருகின்றன. ஒவ்வொரு முறையும் வாயால் சொல்லி பாதியில் விட்டுப்போவதால், இந்த முறை உட்கார்ந்து முழுசாக எழுதிவிட்டேன்.

யார் இவர்? ஒரு வரியில் சொல்ல முடியுமா?

1932 ஜூலை 8 அன்று வட கரோலினா மாநிலத்தில் பிறந்து, நியூயார்க் மேடையில் நடித்து நாடகத் துறையின் பெரிய விருதான டோனி வாங்கி, 1970-ல் ‘வாண்டா’வை எடுத்து, 1980 செப்டம்பர் 5 அன்று 48 வயதில் மார்பகப் புற்றுநோயால் இறந்தவர். ஒரு வரியில் அவ்வளவுதான். ஆனால் இப்படிச் சொன்னால், ஏதோ ஒரு நாள் திடீரென்று கேமராவைத் தூக்கிக்கொண்டு போய் அதிர்ஷ்டத்தில் ஒரு நல்ல படத்தை எடுத்துவிட்டார் என்று தோன்றிவிடுகிறது. அது தப்பு. அந்தப் படத்துக்குப் பின்னால் பதினைந்து வருட நடிப்புத் தொழில் இருக்கிறது. அதில் பெரும்பகுதி, மற்றவர்கள் தனக்குப் போட்டுவிட்ட வேஷங்களைப் போட்டுக்கொண்டு நின்றதுதான்.

சின்ன வயசு எப்படி?

ஏழ்மை. அப்பலேச்சிய மலைப் பகுதி, சின்ன வயதிலேயே பெற்றோர் பிரிந்துவிட, தாய்வழித் தாத்தா பாட்டி வீட்டில் வளர்ந்தார். பாட்டியின் அடுப்புக்குப் பின்னால் ஒளிந்துகொண்டே சிறுவயதைக் கழித்ததாக அவரே ஒரு பேட்டியில் சொல்லியிருக்கிறார். அதிகம் பேசாத, யார் கண்ணிலும் படாமல் இருக்கப் பார்க்கிற குழந்தை. பதின்ம வயதிலேயே நியூயார்க்குக்குப் போய்விட்டார். துப்பறியும் பத்திரிகைகளுக்கும் காதல் கதைப் பத்திரிகைகளுக்கும் மாடலாக நின்றார், கோபகபானா இரவு விடுதியில் ஆடினார்.

டிவியில் இருந்தாராமே?

ஆமாம், 1950-களின் நடுவில் எர்னி கோவாக்ஸின் நகைச்சுவை நிகழ்ச்சியில். அங்கே அவர் வேலை என்ன தெரியுமா? முகத்தில் க்ரீம் கேக் அடி வாங்கிக்கொள்வது, மேஜிக் பெட்டிக்குள் படுத்து இரண்டாக அறுபடுவது. பொன்னிறத் தலைமுடி, அழகான முகம், வசனம் பெரிதாக இல்லை. இதை நான் மட்டமாகச் சொல்லவில்லை. உடலை வைத்து நேரம் தவறாமல் நகைச்சுவை செய்வது கஷ்டமான வேலை, அந்தப் பயிற்சி அவருக்குள் கடைசி வரை இருந்தது. ‘வாண்டா’வில் அவர் நடப்பதையும், நாற்காலியில் உட்காருவதையும், எங்கே கையை வைப்பது என்று தெரியாமல் நிற்பதையும் பார்த்தால் புரியும். அதே காலத்தில் நடிப்பு வகுப்புகளுக்கும் போய்க்கொண்டிருந்தார், 1950-களின் கடைசியில் நியூயார்க்கின் பெரிய அரங்குகளான பிராட்வேயின் நாடகங்களில் சின்னச் சின்ன வேடங்கள் வரத் தொடங்கின.

எலியா கசானின் மனைவி என்பதால்தானே வாய்ப்பு வந்தது?

இந்தக் கேள்விக்கு நேராகவே பதில் சொல்கிறேன். கசான் அப்போது அமெரிக்காவின் மிகப் பெரிய இயக்குநர்களில் ஒருவர். 1960-ல் வந்த ‘வைல்ட் ரிவர்’ படத்தில் நாயகன் மாண்ட்கோமரி கிளிஃப்டின் செயலாளராக லோடனுக்கு ஒரு சிறு வேடம் கொடுத்தார். அடுத்த வருடம் ‘ஸ்பிளெண்டர் இன் தி கிராஸ்’ படத்தில் வாரன் பீட்டியின் அக்காவாக, குடித்துவிட்டுக் கலாட்டா செய்கிற பணக்கார வீட்டுப் பெண்ணாக நடிக்க வைத்தார். இருவரும் அப்போதே நெருக்கம், திருமணம் 1960-களின் பிற்பகுதியில்தான். வாசலைத் திறந்துவிட்டது அவர் என்பது உண்மை. ஆனால் இரண்டாவது படத்தில் அந்தப் புத்தாண்டு விருந்துக் காட்சியைப் பாருங்கள், வாசல் திறந்த பிறகு உள்ளே வந்து என்ன செய்தார் என்பது தெரிந்துவிடும். கதாநாயகி நடாலி வுட், கதாநாயகன் பீட்டி, எல்லோரும் இருக்கும்போதும் லோடன் வருகிற காட்சிகளில் என் கண் வேறு பக்கம் போகவில்லை.

டோனி விருது எதற்கு?

ஆர்தர் மில்லரின் ‘ஆஃப்டர் தி ஃபால்’ நாடகத்துக்கு. 1964 ஜனவரியில் நியூயார்க்கில் அரங்கேறியது, இயக்கம் கசான். லோடன் நடித்தது மேகி என்ற பாடகி வேடம். மில்லரின் முன்னாள் மனைவி மர்லின் மன்றோ இறந்து இரண்டு வருடம்கூட ஆகவில்லை, மேகி யார் என்று அரங்கில் இருந்த எல்லோருக்கும் தெரியும். நாடகத்தைப் பலர் திட்டினார்கள், இறந்துபோன பெண்ணை மேடையில் ஏற்றிவிட்டாரே மில்லர் என்று. திட்டியவர்கள்கூட லோடனைக் குறை சொல்லவில்லை. அந்த வருடத்தின் சிறந்த துணை நடிகைக்கான டோனி அவருக்குத்தான் கிடைத்தது.

ஒரு விஷயத்தை இங்கே சொல்லியாக வேண்டும். மேகிக்கு மாற்று நடிகையாக, அதாவது லோடனால் வர முடியாவிட்டால் ஏறி நடிப்பதற்குத் தயாராக வைக்கப்பட்டிருந்தவர் ஃபே டனவே. இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், மறுபடியும் வரும்.

இவ்வளவு திறமை இருந்தும் ஹாலிவுட்டில் ஏன் நிலைக்கவில்லை?

இரண்டு சம்பவங்களைச் சொன்னால் போதும்.

ஒன்று, பர்ட் லங்காஸ்டர் நடித்த ‘தி ஸ்விம்மர்’. அதில் நாயகனின் பழைய காதலியாக லோடன் நடித்தார், நீச்சல் குளத்தருகே நடக்கும் அந்த நீண்ட காட்சி படத்தின் உயிர்நாடி. எடுத்து முடித்த பிறகு தயாரிப்பில் ஏகப்பட்ட சண்டை, இயக்குநர் வெளியேற்றப்பட்டார், அந்தக் காட்சி முழுவதையும் ஜேனிஸ் ரூலை வைத்து மறுபடியும் எடுத்தார்கள். 1968-ல் படம் வந்தபோது லோடன் அதில் இல்லை. சில ஸ்டில்கள் மட்டும் மிஞ்சியிருக்கின்றன.

இரண்டாவது இன்னும் வலிக்கிற கதை. கசான் 1967-ல் ‘தி அரேஞ்ச்மென்ட்’ என்று ஒரு நாவல் எழுதினார், நன்றாக விற்றது. அதில் நாயகனின் காதலியாக வரும் க்வென் பாத்திரம் லோடனின் சாயலில் எழுதப்பட்டது. 1969-ல் அதை அவரே படமாக்கினார். க்வென் வேடம் யாருக்குப் போனது? ஃபே டனவேக்கு. அதற்குள் அவர் பெரிய நட்சத்திரம் ஆகியிருந்தார். தன்னைப் பார்த்து எழுதப்பட்ட பெண்ணாக நடிக்கக்கூட தான் போதாது, வியாபாரம் ஆகாது என்றால் ஒரு நடிகைக்கு எப்படி இருக்கும்? மேடையில் மர்லினின் நிழலாக நின்றவரின் நிழலையே இன்னொருவர் எடுத்துக்கொண்டு போய்விட்டார். டனவே மேல் எந்தத் தப்பும் இல்லை, அவர் அருமையான நடிகை. நான் சொல்வது தொழில் நடந்த விதத்தை.

இதற்கு நடுவில் 1966-ல் ‘தி கிளாஸ் மெனாஜரி’ நாடகத்தின் தொலைக்காட்சி வடிவத்தில் லாராவாக நடித்தார். கூச்ச சுபாவம், கால் ஊனம், கண்ணாடிப் பொம்மைகளோடு வாழ்கிற பெண். அடுப்புக்குப் பின்னால் ஒளிந்திருந்த அந்தக் குழந்தையை அதில் பார்க்கலாம்.

‘வாண்டா’வின் கதை எங்கிருந்து வந்தது?

ஒரு செய்தித்தாள் துணுக்கிலிருந்து. வங்கிக் கொள்ளைக்குத் துணைபோன ஒரு பெண்ணுக்கு இருபது வருடச் சிறைத் தண்டனை கொடுக்கிறார் நீதிபதி. அந்தப் பெண் அவருக்கு நன்றி சொல்கிறாள். அவ்வளவுதான் செய்தி. வாழ்க்கையில் என்ன நடந்திருந்தால் ஒருத்திக்குச் சிறை நிம்மதியாகத் தெரியும் என்ற கேள்வி லோடனைப் பல வருடங்கள் விடவில்லை.

பென்சில்வேனியா நிலக்கரிப் பகுதியில் வாண்டா என்றொரு பெண். கணவனை விட்டு வந்துவிட்டாள், குழந்தைகளையும். தையல் தொழிற்சாலையில் கை வேகம் போதாது என்று மறுபடியும் வேலை தர மறுக்கிறார்கள். தியேட்டரில் தூங்கிப்போன நேரத்தில் பர்ஸில் இருந்த காசும் போகிறது. ஒரு பாருக்குள் கழிவறையைத் தேடிப் போகிறாள், கல்லாவுக்குப் பின்னால் நிற்பவன் அந்தக் கடையைக் கொள்ளையடிக்க வந்தவன் என்பதுகூடத் தெரியாமல் அவனிடம் பீர் கேட்கிறாள், சீப்பு கேட்கிறாள். அவனோடு போய்விடுகிறாள். அவனை ‘மிஸ்டர் டென்னிஸ்’ என்றுதான் கடைசி வரை கூப்பிடுகிறாள்.

‘பானி அண்ட் கிளைட்’ மாதிரியா?

நேர் எதிர். அந்தப் படம் 1967-ல் வந்து சக்கைப்போடு போட்டது, கொள்ளைக்கார ஜோடியாக நடித்தவர்கள் வாரன் பீட்டியும் ஃபே டனவேயும். லோடனின் திரைத் தம்பியும், லோடனின் மாற்று நடிகையும்! அந்த ஜோடி அழகாக உடுத்தி, அழகாகச் சுட்டு, அழகாகச் செத்தது. லோடனுக்குப் பளபளப்பான படங்களே பிடிக்காது, அவ்வளவு கச்சிதமாக இருந்தால் எப்படி நம்புவது என்பார். அவருடைய கொள்ளைக்காரனுக்குத் தலைவலி, வயிற்றுக் கோளாறு, எந்நேரமும் எரிச்சல். அவனுக்குப் பின்னாலேயே வங்கிக்குக் காரை ஓட்டி வர வேண்டிய வாண்டா போக்குவரத்தில் வழி தவறிவிடுகிறாள். அவள் வந்து சேரும்போது எல்லாம் முடிந்துவிட்டது.

இவ்வளவு குறைந்த காசில் எப்படி எடுத்தார்கள்?

செலவு சுமார் 1,15,000 டாலர் என்று சொல்வார்கள். பணம் கொடுத்தது ஒரு நண்பர், ஸ்டுடியோ கிடையாது. சின்ன அளவு ஃபிலிமான 16 எம்எம்மில் எடுத்து, பிறகு தியேட்டர் அளவான 35 எம்எம்முக்குப் பெரிதாக்கினார்கள், அந்தச் சொரசொரப்பு அதனால்தான். குழு மொத்தம் நான்கு பேர். கேமராவும் எடிட்டிங்கும் நிக்கலஸ் ப்ரோஃபெரஸ், ஆவணப்படங்களில் தோளில் கேமரா வைத்துப் பழகியவர். மிஸ்டர் டென்னிஸாக வந்த மைக்கேல் ஹிக்கின்ஸும் லோடனும் தவிர மற்ற எல்லோரும் ஏறக்குறைய அந்தந்த ஊர் ஆட்களே.

நாலு பேர் குழு என்றால் என்ன அர்த்தம் என்று யோசித்துப் பாருங்கள். மேக்கப் சரிபார்க்க ஆள் இல்லை, உடை பார்க்க ஆள் இல்லை. இயக்குநர் கேமராவுக்கு முன்னால் நிற்கிறார், அவர் எப்படி நடித்தார் என்று பார்த்துச் சொல்லக் கேமராக்காரர் ஒருவர்தான். அந்த ஒருவர் மேல் எவ்வளவு நம்பிக்கை இருந்திருக்க வேண்டும்!

அவருடைய நடிப்பில் அப்படி என்ன இருக்கிறது? சும்மா நிற்கிறார் மாதிரித்தானே இருக்கிறது?

நான் அதிகம் கேட்ட கேள்வி இதுதான், முதல் தடவை பார்த்தபோது எனக்கும் இதுதான் தோன்றியது. அதனால் இதற்குக் கொஞ்சம் நீளமாகவே பதில்.

படத்தின் தொடக்கத்தில் ஒரு காட்சி. கரிக்குவியல்களுக்கு நடுவே, மிகத் தூரத்தில், வெள்ளை உடையில் ஒரு சின்னப் புள்ளி நடந்து போகிறது. கேமரா நெருங்குவதே இல்லை, அவள் கூடவே மெதுவாக நகர்கிறது, அவ்வளவுதான். நிலம் முழுக்க சாம்பல், கறுப்பு. அவள் விறுவிறுவென்றும் நடக்கவில்லை, தள்ளாடியும் நடக்கவில்லை. எங்கேயோ போக வேண்டியிருக்கிறது, போய்ச் சேர்ந்தாலும் ஒன்றும் இல்லை என்று தெரிந்தவள் நடக்கிற நடை. முகம் தெரியாத தூரத்தில் ஒருவர் நடையை மட்டும் வைத்து இதைச் சொல்கிறார்.

அப்புறம் நீதிமன்றம். விவாகரத்து வழக்கு, தாமதமாக வருகிறாள், தலையில் சுருள் குழல்கள் அப்படியே இருக்கின்றன. குழந்தைகளைப் பற்றி நீதிபதி கேட்டால், கணவரிடமே இருக்கட்டும், அதுதான் அவர்களுக்கு நல்லது என்கிறாள். வேறு எந்த நடிகையாக இருந்தாலும் இந்த இடத்தில் தொண்டை அடைத்திருக்கும், குழந்தைகள் பக்கம் ஒரு பார்வையாவது போயிருக்கும், ரசிகர்கள் மன்னிப்பதற்கு ஒரு கைப்பிடி கொடுத்திருப்பார்கள். லோடன் எதுவும் கொடுப்பதில்லை. தாழ்ந்த குரலில், ஏதோ பொருளைத் திருப்பிக் கொடுப்பது மாதிரிச் சொல்லிவிட்டு நிற்கிறார்.

இதை நடிக்காமல் இருப்பது என்று நினைத்தால் ஏமாந்துபோவோம். ஏனென்றால் பின்பாதியில் ஓர் இடம் வருகிறது. கொள்ளைக்கான வேலையில் அவள் உருப்படியாக ஒன்று செய்துவிடுகிறாள், மிஸ்டர் டென்னிஸ் அவளைப் பாராட்டுகிறான். வாழ்க்கையிலேயே யாரோ முதல் முறையாக நன்றாகச் செய்தாய் என்று சொன்னது மாதிரி அவள் முகம் மெதுவாகத் திறக்கிறது. பெரிய சிரிப்பு ஒன்றும் இல்லை. அதுவரை ஒரு மணி நேரம் அந்த முகத்தைப் பூட்டியே வைத்திருந்ததால்தான் அந்த ஒரு கணம் இப்படி அடிக்கிறது. பூட்டி வைத்திருந்தது திட்டமிட்ட வேலை.

தான் முன்பு வாண்டா மாதிரிதான் இருந்தேன், எனக்கென்று அடையாளம் இல்லை, மற்றவர்கள் எப்படி இருக்கச் சொல்கிறார்கள் என்று நான் நினைத்தேனோ அப்படி ஆகிவிடுவேன் என்ற பொருளில் அவர் பேசியிருக்கிறார். மாடல், ஆட்டக்காரி, பெட்டிக்குள் அறுபடுகிறவள், செயலாளர், மர்லின்: அத்தனை வேஷங்களையும் இந்த வரியோடு சேர்த்து வைத்துப் பாருங்கள். தன் தொழில் வாழ்க்கை முழுவதிலும் சேர்த்த அனுபவத்தைத்தான் அவர் இந்தப் பெண்ணுக்குக் கொடுத்தார்.

பெண்ணியவாதிகளே இந்தப் படத்தை எதிர்த்தார்களாமே?

சிலர் எதிர்த்தார்கள். 1970-களின் தொடக்கத்தில் பெண் விடுதலை இயக்கம் வேகமெடுத்த நேரம், அப்போது பார்த்து ஒரு பெண் இயக்குநர் இவ்வளவு செயலற்ற பெண்ணைத் திரையில் காட்டுகிறாரே என்று கோபம். அந்தக் கோபம் எனக்குப் புரிகிறது, ஆனால் ஏற்க முடியவில்லை. போராட வழி தெரிந்த பெண்களுக்குப் படங்கள் இருக்கும். போராடலாம் என்பதே காதில் விழாத பெண்கள் எந்தப் படத்தில் இருந்தார்கள்?

திரைக்கதையை உண்மையில் கசான்தான் எழுதினாரா?

1988-ல் வந்த சுயசரிதையில் முதல் வரைவைத் தான் எழுதிக் கொடுத்ததாகவும், அதை லோடன் மாற்றி மாற்றித் தன்னுடையதாக ஆக்கிக்கொண்டார் என்றும் சொல்கிறார். லோடன் இறந்து எட்டு வருடம் கழித்து எழுதியது, மறுக்க அவர் இல்லை. என் நிலைப்பாடு எளிது. கசான் எடுத்த எந்தப் படத்திலும் இந்த மௌனம் இல்லை. அவருடைய ஆட்கள் வெடிப்பார்கள், அழுவார்கள், பேசித் தீர்ப்பார்கள். வாண்டா ஒன்றும் செய்வதில்லை.

படம் வந்தபோது ஓடியதா?

1970 வெனிஸ் திரைப்பட விழாவில் விமர்சகர்களின் விருது கிடைத்தது. 1971-ல் நியூயார்க்கில் ஒரே ஒரு தியேட்டரில் வெளியானது, அதற்குப் பிறகு அமெரிக்காவில் பெரிதாக எங்கும் போகவில்லை.

அதற்குப் பிறகு பத்து வருடம் என்ன செய்தார்?

சும்மா இருந்தார் என்று பலர் எழுதுகிறார்கள், அது அநியாயம். நடிப்பு சொல்லிக் கொடுத்தார், சிறிய அரங்குகளில் நாடகம் இயக்கினார், இரண்டு மகன்களை வளர்த்தார். 1975-ல் பள்ளிக்கூடங்களுக்கான இரண்டு குறும்படங்களை இயக்கினார்: ‘தி ஃபிரான்டியர் எக்ஸ்பீரியன்ஸ்’, ‘தி பாய் ஹூ லைக்ட் டியர்’. முதலாவதில் அவரே நடிக்கவும் செய்தார், 19-ஆம் நூற்றாண்டில் கான்சாஸ் வெட்டவெளியில் குழந்தைகளோடு தனியாக விடப்பட்ட விதவையாக. கேட் சோப்பினின் ‘தி அவேக்கனிங்’ நாவலைப் படமாக்கும் முயற்சி கடைசி வரை இருந்தது. பணம் வரவில்லை. பிறகு 1978-ல் புற்றுநோய் என்று தெரிந்தது.

மறந்துபோன படம் எப்படித் திரும்பி வந்தது?

முதலில் பிரான்ஸ் வழியாக. எழுத்தாளர் மார்கெரித் துராஸ் 1980-ல் கசானோடு நடத்திய உரையாடலில் இதை ஓர் அற்புதம் என்றார், நடிகைக்கும் பாத்திரத்துக்கும் வழக்கமாக இருக்கிற தூரம் இங்கே இல்லாமல் போய்விட்டது என்றார். 2000-களின் தொடக்கத்தில் நடிகை இசபெல் உப்பெர் முன்னின்று படத்தை பிரான்ஸில் மறுபடி வெளியிட வைத்தார்.

அமெரிக்காவில் நடந்தது நெஞ்சைப் பதற வைக்கும். 2007-ல் ஹாலிவுட்டில் ஒரு ஃபிலிம் லேப் மூடப்படுகிறது, உள்ளே இருப்பதெல்லாம் குப்பைக்குப் போகப் போகிறது. கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சலஸ் வளாகத் திரைப்பட ஆவணக் காப்பகத்தைச் சேர்ந்தவர்கள் கடைசி நேரத்தில் போய் அங்கிருந்து மூல 16 எம்எம் சுருள்களை மீட்டார்கள். அவற்றை வைத்து 2010-ல் படம் புதுப்பிக்கப்பட்டது. இன்று நாம் பார்க்கிற தெளிவான பிரதி அந்தச் சுருள்களிலிருந்து வந்தது. 2017-ல் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தார்கள், 2019-ல் முக்கியமான படங்களை வெளியிடும் கிரைட்டீரியன் நிறுவனத்தின் ப்ளூ-ரே வந்தது, 2022-ல் ‘சைட் அண்ட் சவுண்ட்’ என்ற பிரிட்டிஷ் சினிமா இதழின் விமர்சகர் வாக்கெடுப்பில் 48-ஆவது இடம்.

எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

நேராக ‘வாண்டா’. முன்னோட்டம் எதுவும் பார்க்காதீர்கள், இரவில் தனியாக, போனைத் தள்ளி வைத்துவிட்டுப் பாருங்கள். முதல் இருபது நிமிடம் பிடிபடாது, பொறுங்கள். அதன் பிறகு ‘ஸ்பிளெண்டர் இன் தி கிராஸ்’ பார்த்தால், அதே முகம் எவ்வளவு சத்தம் போடக்கூடியது என்று தெரியும், அதை அடக்கியவரின் கை எவ்வளவு திடமானது என்பதும். ‘தி ஃபிரான்டியர் எக்ஸ்பீரியன்ஸ்’ அரை மணி நேரம்கூட இல்லை, கடைசியாகப் பாருங்கள். ‘வாண்டா’வின் இறுதிச் சட்டகத்தில் அந்நியர்கள் நெருக்கி உட்கார்ந்திருக்கிற ஒரு விடுதியில், யாரோ பிடில் வாசித்துக்கொண்டிருக்க, கையில் சிகரெட்டோடு தலை குனிந்தபடி உறைந்துபோகும் அவரை, இங்கே ஐந்து வருடம் கழித்து, வெட்டவெளியில் வேலை செய்துகொண்டிருப்பவராகப் பார்க்கலாம்.